ஆராய்ச்சிக்குப் போன இடத்தில் வாங்கிய மனுக்கள்

எண்பதுகளின் கடைசியில் நான் ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு கல்லூரியில் புவியியல் நடத்திக்கொண்டிருந்தேன். வீடு ராஜபாளையத்தில். காலையில் டவுன் பஸ்ஸில் நின்றுகொண்டே போய், சாயந்தரம் நின்றுகொண்டே திரும்புவேன். அது போதாதென்று முனைவர் பட்டத்துக்கும் பதிவு செய்திருந்தேன். ரயிலும் தார்ச்சாலையும் வருவதற்கு முன்னால், ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து மலையோரமாகத் தெற்கே செங்கோட்டைக் கணவாய்க்கு ஜனங்கள் எந்த வழியாக நடந்தார்கள், எங்கே தங்கினார்கள் என்று கண்டுபிடிப்பதுதான் என் ஆராய்ச்சி.

அந்த வழியில் ஒரு காலத்தில் நடந்துபோன வெள்ளைக்கார நில அளவைக்காரர் ஒருவர் எழுதிவைத்த குறிப்புதான் எனக்கிருந்த பெரிய ஆதாரம். மங்கிப்போன ஜெராக்ஸ், பதினொரு பக்கம். அவர் தங்கிய ஊர்களில் ஒன்றைத் தவிர மற்றதெல்லாம் எது எதுவென்று தெரிந்துவிட்டது. அந்த ஒன்றை மட்டும் அவர் இங்கிலீஷில் எழுதியிருந்த விதத்தில் ‘போடிமேட்’ என்றும் படிக்கலாம், ‘போதிமட்’ என்றும் படிக்கலாம். இடது பக்கம் குளம், வலது பக்கம் பெரிய பாறை, நடுவில் தங்குமிடம் என்று எழுதியிருந்தார். மலையோரத்தில் குளமும் பாறையும் இல்லாத ஊர் எது?

மதுரையில் இருந்த என் வழிகாட்டிப் பேராசிரியருக்குச் சந்தேகமே இல்லை. அது போதி மடம்தான் என்றார். பௌத்தத் துறவிகள் மலையைத் தாண்டிப் போன வழி, அங்கே ஒரு மடம் இருந்திருக்கிறது, நான் போய் இடத்தைக் கண்டுபிடித்தால் போதும். ஆதாரம் வேண்டுமே சார் என்றேன். அதைத் தேடத்தானே உன்னை அனுப்புகிறேன் என்றார். நான் இடத்தைத் தேடி முடிப்பதற்குள் அவர் ஒரு கருத்தரங்கில் அந்த மடத்தைப் பற்றிக் கட்டுரையே வாசித்துவிட்டார்.

தனியாக ஊர் ஊராகச் சுற்ற வீட்டில் விடமாட்டார்கள். என் வீட்டுக்காரர் மில்லில் ஷிப்ட் பார்ப்பவர், ஞாயிற்றுக்கிழமை தூங்கினால்தான் அவருக்கு வாரம் ஓடும். அதனால் அவருடைய அக்காவை எனக்குத் துணை சேர்த்தார்கள். மதினி பேண்டேஜ் துணி தயாரிக்கும் கம்பெனியில் பேக்கிங் பகுதி சூப்பர்வைசர். வாரம் முழுக்க இருபது பெண்களை அதட்டி வேலை வாங்கிப் பழகிய குரல். கூட நடப்பதில் சலித்துக்கொண்டதே கிடையாது. வாயை மூடிக்கொண்டு நடப்பதுதான் அவரால் ஆகாத காரியம்.

முதல் இரண்டு ஞாயிறும் வீணாயிற்று. செட்டியார்பட்டிக்கு மேற்கே எந்த ஊரில் வரைபடத்தை விரித்தாலும் ஆட்கள் ஒதுங்கிப் போனார்கள். நிலத்தை அளக்க வந்திருக்கிறோம், எவனோ மில் கட்டப்போகிறான் என்று பேச்சு. பழைய பாதை எது என்று கேட்டால், எங்களுக்கு ஒன்றும் தெரியாது என்று பதில் வந்தது.

மூன்றாவது வாரம் ஒரு ஊரில் என்னைப் பேசவிடாமல் மதினி முந்திக்கொண்டார்.

“ஒண்ணும் பயப்படாதீக. இந்த ஊருக்குப் பஸ் விடணும்ல, அதுக்குத்தான் பாதை பாத்துட்டுப் போறாக.”

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. நான் மறுப்பதற்குள் எங்கிருந்தோ இரண்டு நாற்காலி வந்தது, மோர் வந்தது, இருபது முப்பது பேர் சுற்றி நின்றார்கள். அதுவரை ஊமையாக இருந்த ஊர் வாய் ஓயாமல் பேச ஆரம்பித்தது. பேச்செல்லாம் பஸ்ஸைப் பற்றி. இங்கே பழைய சத்திரம் ஏதாவது இருந்ததா என்று நான் கேட்க, இருந்ததாகவும் அதற்கு எதிரே பஸ் நின்றால் சௌகரியமாக இருக்கும் என்றும் ஒருவர் சொன்னார். இன்னொருவர் உடனே, சத்திரத்துப் பக்கம் பள்ளம், மழை பெய்தால் பஸ் சிக்கிக்கொள்ளும் என்றார். சத்திரம் எங்கே என்பதை இரண்டு பேருமே கடைசிவரை சொல்லவில்லை.

திரும்பும் வழியில் மதினியிடம் சண்டை போட்டேன். பொய் சொல்லி வாங்கும் தகவலை ஆராய்ச்சியில் எப்படி எழுதுவது? அவர் அசரவில்லை.

“ஏட்டி, அந்தச் சனம் பஸ் இல்லாம எம்புட்டு தூரம் நடக்குது. ஒனக்கு அது பொய்யாத் தெரியுதா?”

நான் வரைபடத்தைச் சுருட்டிப் பைக்குள் திணித்தேன். அந்த வாரத்துக்குள் சேதி பக்கத்து ஊர்களுக்கும் பரவிவிட்டது. அடுத்த ஞாயிறு நாங்கள் போய் நின்றதும் மனுக்களை நீட்டினார்கள். கோடு போட்ட தாளிலும் பள்ளிக்கூட நோட்டுத் தாளிலும் எழுதி, கையெழுத்தும் கைநாட்டும் வைத்திருந்தார்கள். நான் பஸ் ஆபீஸ் இல்லை, கல்லூரியில் பாடம் நடத்துகிறவள் என்று ஒவ்வொருவரிடமும் சொன்னேன். பரவாயில்லை, படித்தவர்கள் கொடுத்தால் எடுத்துப் பார்ப்பார்கள் என்று கையில் திணித்தார்கள். ஒரு மாதத்தில் நாற்பதுக்கு மேல் சேர்ந்துவிட்டது. என் ஆராய்ச்சிக் குறிப்பேட்டில் பாதிகூட நிரம்பவில்லை.

அந்தக் கட்டு வீட்டு அலமாரியில் கிடந்து கண்ணை உறுத்தியது. தூக்கிப் போடவும் மனசு வரவில்லை. சரி, ஊர்வாரியாகப் பிரித்தாவது பஸ் டெப்போவில் கொடுத்துவிடலாம் என்று ஒரு சனிக்கிழமை உட்கார்ந்து படித்தேன். பிரசவத்துக்குக் கட்டிலில் தூக்கிப்போனது, பள்ளிக்கூடத்தை விட்டு நின்ற பிள்ளைகள் என்று எழுதியிருந்தார்கள். அவற்றில் ஒரு மனுவில் இப்படி இருந்தது: ‘நாங்கள் பொதிமேட்டு வழியாக நடந்துபோய் மெயின்ரோட்டில் பஸ் ஏறவேண்டியுள்ளது.’

பொதிமேடு. மூன்று தடவை படித்தேன். மறுநாள் மதினியை இழுத்துக்கொண்டு ஓடினேன். மனு எழுதிய பெண்ணே கூட்டிப்போய்க் காட்டினார். முள் மண்டிய ஒரு மேடு. இடது பக்கம் தூர்ந்துபோன குளம், வலது பக்கம் பாறை. மேட்டின்மேல் இரண்டு கல்லை நட்டு, குறுக்கே ஒரு கல்லைக் கிடத்திய சுமைதாங்கி. மலைக்குப் போகிற பொதிமாடுகளைச் சுமை இறக்கி அந்த இடத்தில்தான் கட்டி ராத்திரி தங்குவார்களாம், அதனால் அந்தப் பெயர் என்றார். இதை ஏன் முதல் நாளே சொல்லவில்லை என்று கேட்டேன். நீங்கள் சத்திரத்தைத்தானே கேட்டீர்கள், இது மேடுதானே என்றார்.

படமும் அளவுகளும் எடுத்துக்கொண்டு மதுரைக்குப் போனேன். பேராசிரியர் எல்லாவற்றையும் பொறுமையாகப் பார்த்தார். பிறகு கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார்.

“பஸ் மனுவெல்லாம் ஆதாரம் ஆகுமாம்மா?”

ஒன்றரை வருடம் இதே வாக்குவாதம். குளம், பாறை, பெயர், வழி எல்லாமே பொருந்துகிறதே என்றேன். போதி என்பதுதான் பொதி என்று மருவியிருக்கும் என்றார். மாடு கட்டும் இடத்துக்கு எதற்கு சார் துறவி என்று கேட்கப்போய், அவர் கையெழுத்துப் போடாமல் அத்தியாயத்தை இரண்டு தடவை திருப்பி அனுப்பினார். வேறு வழியில்லை. போதி மடத்தை மேலேயும் என் பொதிமேட்டைக் கீழே அடிக்குறிப்பிலும் போட்டுக் கொடுத்தேன். டைப் அடித்துக் கொடுத்தவர், இவ்வளவு நீளமான அடிக்குறிப்பா என்று முணுமுணுத்தார்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் வாய்மொழித் தேர்வு நடந்தது. வெளியூரிலிருந்து வந்த தேர்வாளர் நேராக அந்தப் பக்கத்தைத் திருப்பினார். ஆய்வேட்டில் புதிதாக ஒன்று இருக்கிறதென்றால் இந்த அடிக்குறிப்புதான், இதை ஏன் கீழே தள்ளினீர்கள் என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் என் பேராசிரியர் சிரித்துக்கொண்டே, அதை விட்டுவிடாதே என்று நான்தான் சொல்லிவைத்தேன் என்றார். திரும்பி அவர் முகத்தைப் பார்த்தேன். நடிப்பாகத் தெரியவில்லை. அப்படித்தான் நடந்தது என்று அவரே நம்பிவிட்டார். பட்டம் கிடைத்தது. எனக்கு அன்றைக்கெல்லாம் தலைவலி.

மனுக்களை முன்பே டெப்போவில் கொடுத்திருந்தேன். வாங்கிக்கொண்டவர் மரியாதையாகத்தான் பேசினார். பாதையில் தார் போட்டால் பார்க்கலாம் என்றார். அடுத்த சில வருடங்களில் வேறு ஏதோ திட்டத்தில் பொதிமேட்டுப் பாதையில் தார் போட்டார்கள். காலையில் ஒன்று, சாயந்தரம் ஒன்று என்று பஸ் விட்டார்கள். அதில் என் பங்கு எதுவும் இல்லை என்று டெப்போவிலேயே விசாரித்துத் தெரிந்துகொண்டேன். ஆனாலும் முதல் பஸ் வருகிற அன்றைக்கு நாங்கள் இரண்டு பேரும் வந்தே ஆகவேண்டும் என்று ஊரிலிருந்து ஆட்கள் வந்து கூப்பிட்டார்கள். நான் வரமாட்டேன் என்று சொல்லிவிட்டேன். மதினி பட்டுச்சேலை கட்டிக்கொண்டு போய், மாலை போட்டுக்கொண்டு, ஒரு பை நிறையச் சப்பட்டை மாம்பழத்தோடு வந்து சேர்ந்தார். பையின் அடியில் அதற்கும் மேற்கே உள்ள ஒரு ஊர்க்காரர்கள் கொடுத்தனுப்பிய நாலு மனு இருந்தது.

அதை வாங்கமாட்டேன் என்று நெடுநேரம் சத்தம் போட்டேன். மதினி பாட்டுக்குப் பழத்தை நறுக்கிக்கொண்டிருந்தார். திங்கட்கிழமை வகுப்பு முடிந்ததும் டெப்போவுக்குப் போய்க் கொடுத்துவிட்டு வந்தேன்.