நிலா எவ்வளவு இழுக்கும்

கடலூர் முதுநகர் துறைமுகத்தில் மீன் எடை போடுகிறவர் அவர். சட்டையெல்லாம் செதில். பௌர்ணமி மாலையில் கூடைகள் போனதும் தானே எடை மெஷினில் ஏறி நிற்பார். நிலாவின் இழுப்பில் மனிதன் எடை குறைகிறானாம்; அந்த இழுப்பைச் சேர்த்து வைத்தால் படகையே கரையேற்றலாமாம்.

அந்தப் பௌர்ணமியன்று, ரயிலுக்கு முன் துறைமுகத்தைச் சுற்றிப் பார்க்க வந்த என்னைக் கூப்பிட்டார். “கடலையே தூக்குது சார், ஒரு போட்டைத் தூக்காதா? குனிஞ்சா நம்பர் ஆடுது, கொஞ்சம் பாத்துச் சொல்லுங்க.”

அமாவாசையன்று ஐம்பத்தெட்டு கிலோ இருந்தாராம். இப்போதும் அதேதான் காட்டியது. பாவமாக இருந்தது, ஐம்பத்தேழு என்றேன்.

முகம் வாடிவிட்டது. “ஒரு கிலோவா? நிலா அவ்ளோ இழுக்காது சார். மனசு நோவக்கூடாதுன்னு எல்லாரும் கொறைச்சே சொல்றாங்க. உள்ளதச் சொல்லுங்க.”

ஐம்பத்தெட்டு என்றேன். நிம்மதியாக எழுதிக்கொண்டார்.

“அடுத்த பௌர்ணமிக்கும் வருவீங்களா சார்?”

சிதம்பரம் ரயிலுக்கு நேரமாகியிருந்தது. வருகிறேன் என்றேன். அந்தப் பொய்யை மட்டும் அவர் திருத்தச் சொல்லவில்லை.