எனக்கே தண்ணி காட்டிய பூ

ஐந்தாம் வகுப்போடு படிப்பை விட்ட நான் செய்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். வலங்கைமான் பக்கம் நெல்லும் உளுந்தும் வராத களர் நிலத்தில் நர்சரி போட்டேன். இந்த வட்டாரத்தில் ஷேடு நெட் கட்டிச் செடி வளர்த்த முதல் ஆள் நான். வெளிநாட்டுச் சம்பாத்தியத்தில் மாடி வீடுகள் எழும்பிய காலத்தில் அவற்றின் முன்னால் விரிந்த புல்தரையெல்லாம் என் கைவேலை. “வயக்காட்டுல குரோட்டன்ஸ எவன் வாங்குவான்?” என்று சிரித்தவர்களே பிறகு என்னிடம் வந்து வாங்கினார்கள். குளிர் தேசத்து ஃபாக்ஸ்குளோவைக் காவிரித் தண்ணீரில் பூக்க வைத்ததும் நான்தான். என் தொழிலில் எனக்கே தண்ணி காட்டிய செடி அது ஒன்றுதான். அதனால் அந்தக் கதையை எழுதுகிறேன்.

1. ஸ்டெல்லா அம்மா கேட்டது

ஸ்டெல்லா அம்மா இங்கிலாந்தில் நர்ஸாக இருந்து ஊர் திரும்பியவர். மகளுக்குத் தை மாதம் மாதா கோயிலில் கல்யாணம், வீட்டுத் தோட்டத்தில் வரவேற்பு. மகள் அங்கேயே பிறந்து வளர்ந்தவள். அவர் நீட்டிய போட்டோவில் ஒரு செங்கல் வீடு. அதன் வாசலில் ஆளுயரத் தண்டுகளில் ஊதா மணிகளாகப் பூ தொங்கியது.

“இந்தப் பூவுக்கு நடுவுல நின்னு போட்டோ எடுக்கணும்னு சொல்றா. எம்பொண்ணு கேட்டது இது ஒண்ணுதான். முடியுமாங்க?”

“முடியாதுங்கிற பாடம் வர்றதுக்குள்ள பள்ளிக்கூடத்த விட்டுட்டேம்மா.”

நடவு வேலையிலிருந்து என் நர்சரிக்கு வந்த அஞ்சலை பக்கத்தில் நின்றார். “பேரு என்னாங்க?” என்று கேட்டார்.

“ஃபாக்ஸ்குளோவ். நரியோட கையுறைன்னு அர்த்தம்.”

“நரி எதுக்கும்மா கையுறை போடுது? கோழி புடிச்சா கை அழுக்காயிடுமா?”

ஸ்டெல்லா அம்மா சிரித்தார். உடனே முகம் மாறியது. “வெளையாட்டு இல்ல அஞ்சல. நெஞ்சுக்கு மருந்து இதுலேருந்துதான் எடுத்தாங்க. சும்மா தின்னா ஆட்டையும் கொல்லும், ஆளையும் கொல்லும். தொட்டா கையக் கழுவணும்.”

அதனால் செடி வருவதற்கு முன்பே அவர் வீட்டுத் தோட்டத்தில் ஆடு புகாமல் வேலி போட்டேன்.

2. விட்டுப்போன கால்

கொடைக்கானலில் தெரிந்தவரிடம் சொல்லி வைத்து, தண்டு விடும் பருவத்துச் செடிகளை மார்கழியில் ஸ்டெல்லா அம்மா தோட்டத்தில் இறக்கினேன். நட்டு முடித்ததும் அவசரமாகக் கும்பகோணம் கிளம்ப வேண்டியிருந்தது. மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. அந்தச் சத்தத்துக்கு மேலே கத்தினேன்: “அஞ்சல! பாத்திக்குத் தண்ணி காட்டு!” கன்றுக்குட்டிக்குக் காட்டுவதுபோலக் கொஞ்சமாக ஊற்று என்பதற்கு எங்கள் நர்சரிப் பேச்சு அது.

சில நாள் கழித்துத் திரும்பி வந்தால், பாத்தியைச் சுற்றி வரப்பு. உள்ளே நாற்றங்கால்போலத் தண்ணீர் நின்றது.

“என்ன வேல பாத்து வச்சிருக்க?”

“நீங்கதான தண்ணி கட்டச் சொன்னீங்க!”

“காட்டுன்னேன்!”

“மோட்டார் போடுற கூச்சல்ல அந்தக் காலு எங்கேங்க காதுல விழுவுது?”

வயலில் தண்ணி கட்டுவது என்றால் தேக்கி நிறுத்துவது. ஒரு துணைக்கால் விட்டுப்போனதில் செடிகள் எல்லாம் இலை தொங்கி நின்றன. ஸ்டெல்லா அம்மா படியில் உட்கார்ந்துவிட்டார். “அவகிட்ட நான் என்னன்னு சொல்லுவேன்?”

எனக்கோ வேறு கேள்வி. தண்ணீரில் நிற்கும் செடி எதற்காகத் தாகத்தில் வாடுவதுபோல வாடுகிறது? ஒன்றைப் பிடுங்கினேன். வேர் குழைந்து நாறியது. மூச்சு முட்டிய வேர் தண்ணீர் குடிக்காது என்று அன்றுதான் கண்ணால் பார்த்தேன்.

அந்தச் செடியில் முந்திக்கொண்டு விரிந்த பூ ஒன்று இருந்தது. அஞ்சலை அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “ஏங்க, இது எள்ளுப் பூவாட்டம்ல இருக்கு? உள்ளார புள்ளிதான் கூட.”

எள் இதற்குச் சொந்தமா என்று எனக்குத் தெரியாது. ஆனால் தண்ணீர் நின்றால் எள்ளும் செத்துப்போகும். அந்த வழியில் போய்ப் பார்ப்போம் என்று வரப்பை வெட்டி வடியவிட்டேன். ஆற்று மணலும் மக்கிய எருவும் கலந்து மேட்டுப்பாத்தி போட்டு, வேர் நன்றாக இருந்தவற்றை மட்டும் மாற்றி நட்டோம். மேலே நிழல் வலை கட்டினோம். எள்ளைப்போலக் காயவிட்டுப் பார்த்தேன். உச்சி வெயிலில் தலை சாய்ந்துவிட்டது. நெல்லின் தாகமும் இல்லை, எள்ளின் தாகமும் இல்லை, நடுவில் ஒன்று. அதற்குப் பிறகு விரலை மண்ணுக்குள் விட்டுப் பார்ப்பேன். மேல்மண் காய்ந்திருந்தால் மட்டும், காலையில், இலை நனையாமல் வேரடியில் ஊற்றுவேன்.

3. போட்டோ

பாதிச் செடி போய்விட்டது. மிச்சம் கல்யாணத்துக்குப் பூத்தது. மணப்பெண் பட்டுப்புடவையோடு ஓடி வந்து ஒரு பூவுக்குள் விரலை விட்டாள். “மம்மி, சின்னப் புள்ளைல இப்படித்தானே வெளையாடுவேன்!”

“போயி மொதல்ல கையக் கழுவுடி!” என்ற ஸ்டெல்லா அம்மாவின் கண்ணில் தண்ணீர்.

இளைய நர்சரிக்காரர்களுக்குச் சொல்கிறேன். புதுச் செடி வந்தால், பேரைக் கேட்கும் முன் அது எப்படிக் குடிக்கும் என்று பாருங்கள். ஆளிடம் வேலை சொல்வதானால் மோட்டாரை நிறுத்திவிட்டுச் சொல்லுங்கள்.

அந்தப் போட்டோ இன்றும் ஸ்டெல்லா அம்மா வீட்டு ஹாலில் பெரிதாக மாட்டியிருக்கிறது. அடியில் ‘கொடைக்கானல் பூக்களுடன்’ என்று அச்சடித்திருக்கிறார்கள். செடி கொடைக்கானலில் இருந்து வந்தது, ஒத்துக்கொள்கிறேன். பூத்தது வலங்கைமானில், என் கையில். அந்த வரியை எடுத்துவிட்டு என் பேரைப் போட வேண்டும். எள்ளுப் பூ என்று சொன்ன அஞ்சலையின் பேரையும் போட வேண்டும், எனக்கு அடுத்ததாக.