அஞ்சலையின் பெயர்மேல் ஒரு கோடு

வாக்காளர் பட்டியல் எழுதுவது என்றால், யார் யார் உயிரோடு இருக்கிறார்கள் என்று ஊரைக் கேட்டு எழுதுவதுதான். பள்ளி விடுமுறையில் நோட்டும் கையுமாக வெயிலில் அலைந்த ஆசிரியைகளே, உங்களுக்கு இதைச் சொல்ல வேண்டியதில்லை. எங்கள் தொகுதியில் யார் ஜெயித்தார், யார் தோற்றார் என்பதெல்லாம் அரசாங்கப் புத்தகங்களில் இருக்கிறது. நான் சொல்லப்போவது விழுப்புரம் தாலுகாவில், பனமலைக்குப் போகும் வழியிலுள்ள ஓர் ஊரின் ஒரே ஒரு ஓட்டைப் பற்றி.

சுவரில் ஒரு பொட்டு

இரண்டாவது பொதுத் தேர்தலுக்கு முன் பழைய பட்டியலைச் சரிபார்க்கப் போனேன். முற்றத்தில் மல்லாட்டை என்று நாங்கள் சொல்லும் வேர்க்கடலை காய்ந்துகொண்டிருந்த ஒரு வீட்டில், "அஞ்சலை" என்று படித்ததும் உள்ளே உலக்கைச் சத்தம் நின்றது. அஞ்சலையின் அண்ணன் கோதண்டம், "செத்துப் போச்சு" என்று சுவரைக் காட்டினார். படம் இல்லை. ஒரு குங்குமப் பொட்டு, அதன் கீழே பகலிலும் எரியும் அகல். சிவப்பு மையால் பெயர்மேல் கோடு போட்டேன்.

இரண்டு கொல்லை தாண்டினால் சேரி. அங்கே நான் நடக்கவில்லை. ஊர் வழக்கப்படி தலையாரி பெயர்களைச் சொல்ல, மேலத்தெருவிலேயே உட்கார்ந்து எழுதினேன். மல்லாட்டைக் கொல்லைக்கு அப்பால் ஒரு பெண் எங்களையே பார்த்துக்கொண்டு நின்றாள். யார் என்று கேட்டேன். தலையாரி திரும்பியே பார்க்காமல் சொன்னார்: "அங்க யாரும் இல்லீங்களே. நீங்க எழுதிக்கினு இருங்க டீச்சரம்மா."

வரிசையில் ஓர் இடைவெளி

தேர்தலன்று பெண்களுக்கு விரலில் மை வைக்கும் வேலை எனக்கு. கொல்லைக்கு அப்பால் நின்ற அதே பெண் வந்து, தன் பெயர் அஞ்சலை என்றாள். சேரிக்காரர் ஒருவரைக் கட்டிக்கொண்டு போய்விட்டாள் என்று, உயிரோடு இருப்பவளுக்கே வீட்டார் கருமாதி செய்துவிட்டதை ஒருத்தி என் காதோடு சொன்னாள்.

காலையிலிருந்து ஒவ்வொரு பெயருக்கும் சண்டை போட்ட இரண்டு கட்சி ஏஜெண்டுகளும் இதில் மட்டும் ஒத்துப்போனார்கள்: அஞ்சலை இறந்துவிட்டாள். ஏஜெண்டுகளில் ஒருவர் கோதண்டம். அவர் கண்கள் அவள்மேல்தான் இருந்தன. ஆனால் அவளுக்குப் பின்னாலிருந்த சுவரைத்தான் பார்த்தன. மேலத்தெருப் பெண்கள், தரையில் ஒரு குழி இருப்பதுபோல் அவளைச் சுற்றிக்கொண்டு மேசைக்கு வந்தார்கள். பட்டியலில் இல்லாதவருக்குச் சீட்டு இல்லை என்றார் அதிகாரி. அவள் விரலை நீட்டினாள். நான் மைக்குச்சியை எடுக்கவில்லை. "ஓட்டு வாணாம் டீச்சரம்மா. மைய மட்டும் வைங்க. நான் இருக்கறேன்னு எனக்காவது தெரியட்டும்."

ஜீப்பின் முன்னால்

ஜெயித்த உறுப்பினர் நன்றி சொல்ல ஊருக்கு வந்தார். வரவேற்புப் பாட்டுக்குப் பிள்ளைகளை அழைத்துப் போயிருந்தேன். அவர் புறப்படும்போது அஞ்சலை மனுவோடு ஜீப்புக்கு முன்னால் நின்றாள். உறுப்பினர் ஊர்ப் பெரியவர்களின் முகங்களைப் பார்த்தார். எந்த முகத்திலும் ஒன்றும் இல்லை. டிரைவர் வெளியூர்க்காரர், ஹாரன் அடித்துவிட்டு, "அந்தம்மாவ நகரச் சொல்லுங்க" என்றார். உறுப்பினர் வெகு சாந்தமாகக் கேட்டார்: "எந்தம்மா?"

தாலுகா கச்சேரி

அடுத்த பட்டியலுக்கு நானே சேரிக்கு நடந்தேன். கேப்பை புடைத்துக்கொண்டிருந்த அஞ்சலை, நான் எழுதி முடிக்கும்வரை என் பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

கோதண்டம் ஆட்சேபணை கொடுத்தார். விழுப்புரம் தாலுகா அலுவலகத்தில் விசாரணை. கருமாதியில் இருந்த இரண்டு பேர் சாட்சிக்கு வந்தார்கள். கைக்கெட்டும் தூரத்தில் நின்றவளைக் காட்டி, இது யார் என்று அதிகாரி கேட்டதற்கு, தெரியாது என்றார் அண்ணன். அதிகாரி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே என்னிடம் சொன்னார்: "செத்தவமேல புகார் சொல்ல மூணு பேர் பஸ் ஏறி வரமாட்டாங்க. பேரைச் சேருங்கம்மா."

மூன்றாவது தேர்தல்

பட்டியல் அவள் பெயரோடு அச்சானது. ஆனால் தேர்தலுக்கு ஒரு மாதம் முன்பு மஞ்சள்காமாலையில் அஞ்சலை இறந்துபோனாள். சேரியில் அவளைக் கிடத்தியிருந்தபோது போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். மேலத்தெருவிலிருந்து யாரும் வரவில்லை.

தேர்தலன்று, முக்காடு போட்ட ஒரு பெண் மேசைக்கு வந்து, "அஞ்சலை" என்றாள். பின்னால் நின்ற சேரிப் பெண்கள் எல்லோரும் ஓரடி பின்னால் போனார்கள். நான் குனிந்து பார்த்தேன். முக்காட்டுக்குள் இருந்தது கோதண்டத்தின் மனைவி. அவள் நிமிரவில்லை. அஞ்சலை போன மாதமே இறந்துவிட்டாள் என்று அதிகாரியிடம் சொன்னேன். ஏஜெண்டுகளின் பெஞ்சிலிருந்து கோதண்டம் எழுந்து என்னை நேராகப் பார்த்தார். "என்னாங்க டீச்சரம்மா, நல்லா இருக்கறவள செத்துட்டாங்கறீங்க? என் கூடப் பொறந்தவ. எனக்குத் தெரியாதா?"

கோதண்டத்தின் மனைவியைச் சீட்டுக் கொடுக்காமல் அனுப்பிவிட்டோம் என்றாலும், ஓர் ஓட்டுக் குறைகிறதென்றால், தானே கருமாதி செய்தவளையும் ஊர் எழுப்பிக் கூட்டிவரும் என்பதுதான் எங்கள் தொகுதியின் வரலாற்றில் எனக்கு நன்றாகத் தெரிந்த பகுதி.