விழா மலர்களுக்கு ஒரு தனிப் பகுதி

தாம்பரம் வட்டாரத்தின் இலக்கியத்தையும் வரலாற்றையும் ஆராய வருகிறவர்களுக்காக ஒரு நூலடைவு தயாரித்துக்கொண்டிருந்தோம். எந்த நூல், எங்கே கிடைக்கும், அதில் என்ன இருக்கிறது என்று சொல்லும் வழிகாட்டி அது. தொகுப்பாசிரியர், ஓய்வுபெற்ற தமிழ்ப் பேராசிரியர். பதிவுகளைத் திரட்டுவது என் வேலை. நான் சேர்த்திருந்த விழா மலர்கள் அத்தனையையும் அவர் பட்டியலிலிருந்து அடித்துவிட்டார் என்று தெரிந்ததும், இரண்டு வயது மகளைத் தூக்கிக்கொண்டு சேலையூரில் அவர் வீட்டுக்குப் போனேன். அவளுக்கு மூக்கு ஒழுகிக்கொண்டிருந்தது. அழைத்து வந்தது தப்போ என்று படியேறும்போதே தோன்றியது.

"ஏம்மா, கும்பாபிஷேக மலர், சர்ச் பொன்விழா மலர், நலச்சங்க மலர்... இதெல்லாம் புஸ்தகமா? பாதிக்கு மேல விளம்பரம்!"

"அந்த விளம்பரத்துக்காகவும்தான் சார் சேர்த்தேன்."

"நல்லா இருக்கே! அப்ப கல்யாணப் பத்திரிகையையும் சேர்த்துடு."

பையிலிருந்து பொன்விழா மலரை எடுத்தேன். இரவல் வாங்கியது. மகள் கைக்கு எட்டாமல் உயர்த்திப் பிடித்தபடி ஒரு பக்கத்தைக் காட்டினேன். தையல் கடை விளம்பரம். முகவரியில் அவர் தெருவின் பெயர். அதன் கீழே 'ஏரிக்கரை எதிரில்'.

அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "எங்க தெருவுலயா?"

"ஆமா சார். ஏரி இருந்துச்சுன்னு எல்லா புஸ்தகமும் சொல்லுது. கரை எது வரைக்கும் வந்துச்சுன்னு நான் பார்த்த எதுலயும் இல்ல. இதுல இருக்கு. அடுத்த பக்கத்துல ஒரு டீச்சரோட கவிதையும் இருக்கு. அவங்க எழுதி அச்சானது அது ஒண்ணுதான்."

அவர் கவிதையையும் படித்தார். பிறகு, "சரி, பின்னிணைப்புல போட்டுடலாம்" என்றார்.

"பின்னிணைப்பை யார் சார் புரட்டுவாங்க? தனிப் பகுதியா வரணும்."

"பிடிவாதம்! வந்தா கீழ உன் பேருதான் போடுவேன். கேக்கறவங்களுக்கெல்லாம் நீதான் பதில் சொல்லணும்."

"சொல்றேன் சார்."

யோசிக்காமல் சொல்லிவிட்டேன். யோசித்திருந்தாலும் அதையேதான் சொல்லியிருப்பேன்.

ஆட்டோவில் மகள் தோளில் தூங்கிப்போனாள். அப்போதுதான் பயம் வந்தது. மலர்கள் இடம்பெற வேண்டும் என்பதில் சந்தேகம் இல்லை. அந்தப் பகுதியில் இரண்டு மலர்களின் பதிவுகள் மட்டும் உறுத்தின. ஒன்று மாடம்பாக்கத்தில் இருப்பது, இன்னொன்று சிங்கப்பெருமாள் கோவிலில். வைத்திருந்தவர்கள் தொலைபேசியில் சொன்னதைக் கேட்டு எழுதியவை. நானே புரட்டிப் பார்த்தவை அல்ல. குழந்தையோடு எப்படி அலைவது என்று தள்ளிப்போட்டிருந்தேன்.

வீடு வந்ததும் அவளைப் படுக்க வைத்து, நெற்றியைத் தொட்டுப் பார்த்தேன். சூடு இல்லை. மடிக்கணினியைத் திறந்து அந்த இரண்டு பதிவுகளையும் நீக்கினேன். மனம் கேட்கவில்லை, மறுபடி சேர்த்தேன், மறுபடி நீக்கினேன். பகுதி கொஞ்சம் சுருங்கியது. மிச்சமிருந்த ஒவ்வொரு மலரையும் நான் கையில் எடுத்துப் பார்த்திருக்கிறேன். யார் கேட்டாலும் பதில் சொல்லலாம். கீழே என் பெயரைத் தட்டச்சு செய்து அவருக்கு அனுப்பினேன்.