அடியிலிருந்து இரண்டு தட்டு

இது நடந்தது. எனக்கு நடந்தது. நல்லம்பள்ளியில் எங்கள் சொந்த ஷெட்டில், ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், பட்டப்பகலில் நடந்தது. பேய் என்றால் ராத்திரியில்தான் வரும் என்று நினைத்துப் படிக்க உட்கார்ந்தவர்கள் இப்போதே எழுந்து போய்விடலாம்.

உங்களைப் பயமுறுத்த நான் இதை எழுதவில்லை. ஒரு பெண்ணை, புருஷனைக் கொன்றவள் என்று ஊரே சொல்கிறது. அவர் கொல்லவில்லை. அது எனக்குத் தெரியும். ஓசூரில் இருக்கும் ஒரே ஒரு ஆள் இதைப் படித்து நம்பினால் போதும். மற்றவர்கள் நம்பினாலும் ஒன்றுதான், சிரித்தாலும் ஒன்றுதான்.

என் பெயர் சுகுணா. என் வீட்டுக்காரர் முருகேஷ் மெக்கானிக். கல்யாணமானதிலிருந்து பாதி நாள் நானும் ஷெட்டில்தான். அவர் வண்டிக்கு அடியில் படுப்பார். நான் டிரைவர் சீட்டில் உட்காருவேன். அடியிலிருந்து கத்தினால் இன்ஜின் சத்தத்தில் மேலே கேட்காது. அதனால் ஸ்பேனரால் வண்டியின் அடிச்சட்டமான சேஸில் தட்டுவார். ஒரு தட்டு என்றால் நிறுத்து. இரண்டு தட்டு என்றால் ஓட்டு. காதில் விழாவிட்டாலும் பாதத்தில் தெரியும். எங்கள் பக்கத்து ஷெட்டுகளில் எல்லோருக்கும் இதே கணக்குதான்.

அன்று மாரண்டஹள்ளியில் என் தங்கை மகளுக்குக் காதுகுத்து. காலையிலேயே பட்டுச்சேலை கட்டி, தலை நிறையப் பூ வைத்துக் கிளம்பி நின்றேன். அப்போது என் வீட்டுக்காரருக்குப் போன் வந்தது. வெங்கடாசலம் என்ற பெரிய மனிதர். அவருடைய வெள்ளை எஸ்யூவி முந்தின நாள் சாயங்காலமே எங்கள் ஷெட்டில் வந்து நின்றிருந்தது. நான்கு சக்கரமும் இழுக்கிற வண்டி. சித்தேரி மலையில் அவருக்குத் தோட்டம் உண்டு. திங்கட்கிழமை காலை மலையேற வேண்டும், இன்றைக்கே எண்ணெய் மாற்றி வை என்றார். "சரிங்க... சரிங்க..." என்று என் வீட்டுக்காரர் நின்றபடியே தலையை ஆட்டினார். என் தங்கை வீட்டு விசேஷத்துக்கு அந்த வாயிலிருந்து ஒரு 'சரி' வாங்க நான் ஒரு வாரம் மல்லுக்கட்டியிருந்தேன்.

"என் சனம்னா உங்களுக்கு எளக்காரம்."

"பொழப்பப் பாக்கறதா, காதுகுத்தப் பாக்கறதா?"

"அப்ப பொழப்பையே கட்டிக்கிட்டு அழுவுங்க."

அதோடு பேச்சு நின்றது. நான் சேலையை மாற்றவில்லை. வேண்டுமென்றேதான். பட்டுச்சேலையும் பூவுமாகப் போய் அந்த வண்டியின் டிரைவர் சீட்டில் ஏறி உட்கார்ந்தேன். கோபம் வேறு, வேலை வேறு.

ஒன்றைச் சொல்ல மறந்துவிட்டேன். முந்தின நாள் வண்டியைக் கொண்டுவந்து விட்டவன் டிரைவர் பச்சியப்பன். சாவியை என் கையில் கொடுத்துவிட்டு, போகாமல் நின்றான்.

"அக்கா, இத ஒத்த ஆளா பண்ணச் சொல்லுங்க. மேல யாரையும் ஒக்கார வெக்காதீங்க."

"ஏன்?"

"சும்மா சொன்னேங்க்கா."

அடுத்த கேள்வி கேட்பதற்குள் ரோட்டுக்குப் போய்விட்டான்.

கியர்பாக்ஸுக்குப் பின்னால் டிரான்ஸ்ஃபர் கேஸ் என்று ஒரு பெட்டி இருக்கும். இன்ஜினின் இழுவையை முன் சக்கரத்துக்கும் பின் சக்கரத்துக்கும் பிரித்துக் கொடுப்பது அதுதான். அதில் எண்ணெய் மாற்றுவது பெரிய வித்தை இல்லை. மேல் போல்ட்டைத் தளர்த்திவிட்டுக் கீழ் போல்ட்டைக் கழற்ற வேண்டும். பழசு வடிந்ததும் கீழே மூடி, புதுசைப் பம்பால் ஏற்ற வேண்டும். மேல் துளையில் வழிந்தால் நிறைந்துவிட்டது என்று அர்த்தம். அதன் பிறகு நான்கு சக்கரமும் தரையில் படாமல் ஸ்டாண்டில் நிற்க, முதல் கியரில் ஓட்டி, கசிகிறதா என்று அடியில் பார்க்க வேண்டும். அப்போது இழுவையைச் சக்கரத்துக்குக் கொண்டுபோகும் நீளமான ஷாஃப்ட் சுற்றும். துணியோ கையோ சிக்கினால் விடாது. அதனால் அடியில் இருப்பவர் நன்றாக ஒதுங்கிக்கொண்ட பிறகுதான் தட்டுவார்.

என் வீட்டுக்காரர் வலது பக்கமாக நுழைந்து படுத்தார். மழை பிடித்தது. தகரக் கூரையில் சடசடவென்று ஒரே இரைச்சல்.

கீழ் போல்ட்டைக் கழற்றியதும், "ஸ்ஸ்... ஆ!" என்று கத்தினார். வெளியே வந்து கையை உதறினார். விரல்கள் சிவந்திருந்தன.

"ராத்திரி வண்டிய யாராவது எடுத்தாங்களா?"

"சாவி வூட்லதான் மாட்டியிருந்துச்சு."

"எண்ணெ கொதிக்குது."

முந்தின நாள் சாயங்காலத்திலிருந்து அசையாமல் நின்ற வண்டி. இறங்கிப்போய் முன் பக்கத்தைத் தொட்டுப் பார்த்தேன். இன்ஜின் சில்லென்று இருந்தது. வடிந்த எண்ணெயிலிருந்து மட்டும் ஆவி வந்துகொண்டிருந்தது. அவர் என்னைப் பார்த்தார். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டு மறுபடியும் ஏறி உட்கார்ந்தேன். கோபம் இருக்கும்போது பயம்கூட வரிசையில் நிற்க வேண்டியதுதான்.

புது எண்ணெய் ஏற்றினார். மூடினார். ஒதுங்கிப் படுத்துக்கொண்டு என் காலுக்கு நேர் கீழே தட்டினார்.

டக்... டக்.

சாவியைத் திருப்பினேன். முதல் கியர். கிளட்சை விட்டேன். சக்கரங்கள் காற்றில் சுற்றின. எல்லாம் சரியாக இருந்தது.

டக்.

நிறுத்தினேன்.

"ஏன் நிறுத்துன?" அடியிலிருந்து குரல். எரிச்சலான குரல்.

"நீங்கதான தட்டுனீங்க?"

"நான் எங்க தட்டுனேன்?"

"தட்டிட்டு இல்லைங்கறீங்க. காலையிலேயும் இப்படித்தான, வர்றேன்னு சொல்லிட்டு..."

"சும்மா இரு. கீழ் போல்ட்டு லேசா கசியுது. முறுக்கிட்டு வர்றேன். அப்படியே ஒக்காந்திரு."

வலது பக்கக் கண்ணாடியில் அவருடைய கால்கள் தெரிந்தன. பாதம் தரையில் ஊன்றி நகர்ந்து உள்ளே போனது. ஷாஃப்ட்டுக்கு மேலே கையை விட்டால்தான் அந்த போல்ட் எட்டும். உடம்பில் பாதி ஷாஃப்ட்டோடு ஒட்டித்தான் கிடக்க வேண்டும்.

மழை வலுத்தது. மணி மூன்றரை இருக்கும். அங்கே காது குத்தி முடித்துச் சாப்பாடே ஆகியிருக்கும். அதை நினைத்துப் பல்லைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

டக்... டக்.

கை தானாகச் சாவிக்குப் போனது. இடது கால் தானாகக் கிளட்சை மிதித்தது.

அப்போது எனக்குள் ஒரு பிடிவாதம். தட்டிவிட்டுத் தட்டவில்லை என்று சொன்ன மனிதர்தானே? இப்போது வாயைத் திறந்து சொல்லட்டும். "சுகுணா, ஓட்டு" என்று ஒரு வார்த்தை. அது வரும்வரை நான் திருப்ப மாட்டேன்.

டக்... டக்.

"வாயில சொல்லுங்க!" என்று கத்தினேன். மழையில் அது எனக்கே கேட்கவில்லை.

டக்... டக்.

டக்... டக்.

அவசரம் கூடியது. அப்போதுதான் கவனித்தேன்... சத்தம் என் காலுக்குக் கீழே இல்லை.

இடது பக்கம். பக்கத்து சீட்டுக்குக் கீழே.

அவர் நுழைந்தது வலது பக்கம்.

கண்ணாடியைப் பார்த்தேன். கால்கள் அங்கேயேதான் இருந்தன. வலது பக்கம்.

டக்... டக்.

சாவியை உருவிக் கையில் இறுக்கிக்கொண்டு இறங்கினேன். ஈரத் தரையில் பட்டுச்சேலையோடு மண்டியிட்டுக் குனிந்தேன்.

அவர் மல்லாந்து கிடந்தார். சட்டை ஷாஃப்ட்டில் ஒட்டிக் கிடந்தது. ஒரு கை போல்ட்டைப் பிடித்திருந்தது. மறு கையிலிருந்த ஸ்பேனர் அந்த போல்ட்டின் மேலேயே இருந்தது.

இரண்டு கையும் தெரிந்தது எனக்கு.

அவர் தலையைத் திருப்பி என்னைப் பார்த்தார்.

"ஏண்டி மேலருந்து தட்டிக்கிட்டே இருக்க?" என்றார்.

என் இரண்டு கைகளையும் அவருக்குக் காட்டினேன்.

டக்... டக்.

அவருக்கும் கேட்டது. அவர் முகம் மாறியதை நான் பார்த்தேன்.

வெளியே வந்தார். எப்படி வந்தார் என்று தெரியவில்லை. முதுகில் சிராய்ப்பு. இருவரும் மழையில் நின்றோம். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். வண்டி ஸ்டாண்டில் அசையாமல் நின்றது. அடியில் ஒன்றும் இல்லை. வெளிச்சம் அந்தப் பக்கம்வரை தெரிந்தது.

டக்.

ஒரே ஒரு தட்டு.

அவ்வளவுதான். அதற்கு மேல் கேட்கவில்லை.

மழை விட்டதும் மீதி வேலையை அவர் தனியாகவே முடித்தார். சாவி என் முந்தானையில் முடிந்திருந்தது. நான் ஷெட்டுக்குள் கால் வைக்கவில்லை. ஒன்றும் ஆகவில்லை.

பச்சியப்பன் வண்டி எடுக்க வந்தான். நான் சாவியைக் கொடுக்கவில்லை.

"எதுக்கு ஒத்த ஆளா பண்ணச் சொன்ன?"

"என்னாச்சுங்க்கா?"

"கேட்டதுக்குப் பதில் சொல்லு."

தலையைக் குனிந்துகொண்டு சொன்னான். இரண்டு வருடத்துக்கு முன்பு காரிமங்கலம் பக்கம் ஒரு ஷெட்டில் இதே வண்டிக்கு இதே எண்ணெய் மாற்றினார்கள். அருள்சாமி என்று ஒரு மெக்கானிக் அடியில் இருந்தார். மேலே இருந்தவர் அவர் மனைவி ஞானமேரி. அந்தம்மா சாவியைத் திருப்பியது. ஷாஃப்ட் அவர் சட்டையைச் சுருட்டி இழுத்துவிட்டது. ஆஸ்பத்திரி வரைக்கும்கூட உயிர் தாங்கவில்லை.

"ரெண்டு தட்டு கேட்டுச்சுன்னு அந்தம்மா தலையில அடிச்சுக்கிட்டு அழுதுச்சுங்க. யாரும் நம்பல. வேணும்னே பண்ணிட்டான்னு மாமியா வூட்ல சொல்லிட்டாங்க."

"நீ நம்புனியா?"

ரோட்டை ஒருமுறை திரும்பிப் பார்த்தான்.

"எங்கயாவது வண்டிய நிறுத்திட்டு ஒக்காந்திருந்தா... எனக்கும் கால்ல தட்டுதுங்க்கா."

"அத அப்ப யார்கிட்டயாவது சொன்னியா?"

"மொதலாளி வண்டியில பேய் இருக்குன்னு சொன்னா எனக்கு வேல இருக்குமாங்க?"

சாவியை அவன் காலடியில் வீசினேன். பேயைவிட அவன்மேல்தான் எனக்கு ஆத்திரம் வந்தது. இன்றைக்கும் அந்த ஆத்திரம் தீரவில்லை.

ஞானமேரியைத் தேடிப் போனேன். பாலக்கோடு தக்காளி மண்டியில் பழம் பொறுக்கிப் பிரிக்கும் வேலை. புருஷனின் முப்பதாம் நாள் பூசை முடிந்த அன்றே துணிமணியை வாசலில் போட்டுவிட்டார்களாம். கோர்ட்டில்கூட கவனக்குறைவு என்றுதான் சொன்னார்கள். ஊர்தான் கொலைகாரி என்றது. ஒரே மகன், அவனும் பேசுவதில்லை. கிரேட்டுகளுக்கு நடுவே உட்கார்ந்து நடந்ததைச் சொல்லத் தொடங்கினேன். ரெண்டு தட்டு கேட்டது என்றதும் அவர் கை நின்றது.

"எடது பக்கம்," என்றார்.

நான் பக்கத்தை இன்னும் சொல்லவே இல்லை.

"கடைசியில ஒரு தட்டு கேட்டுச்சுங்களா?"

அந்தக் கடைசித் தட்டு எனக்கும் என் வீட்டுக்காரருக்கும் மட்டும் தெரிந்தது. பச்சியப்பனிடம்கூடச் சொல்லவில்லை.

"அவர வெளிய எடுத்துப் போட்டு எல்லாரும் அழுவறாங்க. அப்ப வண்டிக்கடியில ஒரே ஒரு தட்டு. கேளுங்க, இப்பவும் தட்டுதுன்னு கத்துனேன். பைத்தியம்னு சொல்லிட்டாங்க."

அழுகிய தக்காளி ஒன்றை எடுத்து ஓரமாகப் போட்டார். பிறகு என்னை நிமிர்ந்து பார்த்தார்.

"நீங்க எப்படீங்க சாவியத் திருப்பாம இருந்தீங்க?"

சொல்ல வெட்கமாக இருந்தது.

"காலையிலருந்து சண்டைங்க. வாயால சொல்லட்டும்னு வீம்புக்கு ஒக்காந்திருந்தேன்."

அவர் தலையை ஆட்டினார்.

"எங்களுக்குள்ள சண்டையே வந்ததில்லீங்க," என்றார். "அவரு தட்டுனா என் கை தானாப் போயிரும்."

அவருடைய மகனுக்கு அன்று சாயங்காலமே போன் செய்தேன். விஷயத்தைத் தொடங்கியதும், "எங்கம்மா சொல்லச் சொன்னாங்களா?" என்றார். இல்லை தம்பி, எனக்கே நடந்தது என்பதற்குள் வைத்துவிட்டார். அதன் பிறகு என் நம்பரைத் தடுத்துவிட்டார் போல, எத்தனை முறை முயன்றும் அழைப்பே போகவில்லை.

போன வாரம் பச்சியப்பன் கூப்பிட்டான். வெங்கடாசலம் அந்த வண்டியை விற்றுவிட்டாராம். ஓசூர் பக்கம் யாரோ வாங்கிப் போயிருக்கிறார்கள். பழைய வண்டி வாங்குகிறவர்கள் முதலில் எண்ணெயைத்தான் மாற்றுவார்கள்.

அருள்பிரகாஷ், இது உங்களுக்குத்தான். ஓசூரில் ஒரு ஷெட்டில், அப்பாவைப் போலவே வண்டிக்கு அடியில் படுத்து வேலை செய்கிறீர்கள் என்று உங்கள் அம்மா சொன்னார். வெள்ளை வண்டி. இடது பின்கதவில் நீளமாக ஒரு கீறல் இருக்கும். உங்கள் அம்மாவை நம்பாவிட்டால் போகட்டும், இதையாவது கேளுங்கள். அது வந்தால் தனியாகவே செய்யுங்கள். மேலே யாரையும் உட்கார வைக்காதீர்கள்.

முக்கியமாக, நீங்கள் தட்டினால் அந்த நொடியே சாவியைத் திருப்பும் அளவுக்கு உங்கள்மேல் பாசம் வைத்திருக்கும் யாரையும்.