ஏழாம் மாதத்தில் தின்ற செந்தூரா

கன்னடம் புழங்கும் எல்லையோர ஊரான தளியிலிருந்து கிருஷ்ணகிரிப் பக்கம் மாந்தோப்பு வீட்டுக்கு நான் வாழ வந்த மறு வருஷம் அது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து ஐம்பதுகளின் நடுவில் இருக்கும். வைகாசி மாதம், முதல் பிள்ளை வயிற்றில், ஏழு மாதம். வீட்டுக்குள் வைக்கோல் மேல் செந்தூராப் பழம் குவிந்து கிடக்கிறது. வாசனை ஆளைத் தூக்குகிறது. எனக்கு மட்டும் ஒரு துண்டு கிடையாது.

"மாம்பழம் சூடு. திங்காத. புள்ள ஒடம்பு பூரா கரப்பான் புண்ணோட பொறக்கும்" என்று மாமியார் சொல்லிவிட்டார்.

பிள்ளையைச் சொன்னால் யாருக்குத்தான் பயம் வராது? எச்சிலை விழுங்கிக்கொண்டு பழக் குவியலைத் தாண்டிப் போய்விடுவேன்.

ஒரு மத்தியானம் எல்லோரும் உட்கார்ந்து பழம் தரம் பிரித்துக்கொண்டிருந்தோம். என் மூத்த ஓரகத்தி என் வீட்டுக்காரரைச் சீண்டினாள். "கொழுந்தனாரே, ஆனி பொறந்தா உங்களுக்கு ஒரு வயசு ஏறுது. புத்திதான் ஏறல."

எனக்குச் சட்டென்று ஒன்று தோன்றியது. விடுவேனா?

"அத்தே, உங்க மகன் ஆனியில பொறந்தவரு. அவர வயித்துல வெச்சிக்கிட்டு இதே தோப்புல வைகாசியில நீங்க என்ன சாப்ட்டீங்க?"

மாமியார் எடுத்த பழம் கையிலேயே நின்றது. ஓரகத்தி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

"தளிக்காரி வாயப் பாத்தீங்களா!" என்று அத்தை முறைக்கப் பார்த்தார். சிரிப்பு முந்திக்கொண்டது. "சாப்ட்டேன்டி. எங்க மாமியாருக்குத் தெரியாம சாப்ட்டேன்."

"அவருக்குக் கரப்பான் வந்துச்சா?"

"எங்க வந்துச்சு? எருமையாட்டம் வளந்து நிக்கிறான் பாரு."

சொல்லிக்கொண்டே எழுந்து, நல்ல பழமாக ஒன்றை எடுத்தார். காம்பைக் கிள்ளிப் பாலை வடியவிட்டுக் கழுவி, தொட்டித் தண்ணீரில் போட்டார்.

"அந்தப் பாலு பட்டா வாய் வெந்துடும். ஊறட்டும். சாயங்காலம் தோல சீவிட்டுத் தின்னு. ஒண்ணுதான். இன்னொண்ணு கேட்ட, கைய ஒடிப்பேன்."

அன்றிலிருந்து பழம் ஓயும்வரை தினம் ஒன்று தின்றேன். ஆனாலும் உள்ளுக்குள் ஒரு மூலையில் பயம் இருந்தது.

ஆவணியில் தளியில் என் தாய் வீட்டில் பெண் பிறந்தாள். சேதி கேட்டு மாமியார் பஸ் ஏறி வந்தார். வந்ததும் பிள்ளையை வெளிச்சத்துக்குத் தூக்கிப் போய்த் துணியை விலக்கினார். காதுக்குப் பின்னால், கழுத்து மடிப்பு, விரல் இடுக்கு என்று புரட்டிப் புரட்டிப் பார்த்தார். நானும் பாயிலிருந்து எட்டி எட்டிப் பார்த்தேன்.

"வெண்ணையாட்டம் இருக்காடி!" என்றார். பிறகு பார்க்க வந்த பெண்களிடமெல்லாம், தெரிந்த கொஞ்சம் கன்னடத்தில், மருமகளுக்கு மாம்பழம் ஊறப்போட்டுக் கொடுத்து வளர்த்தது தான்தான் என்று பீற்றிக்கொண்டார். மாமியார் முதலில் பழத்தைத் தடுத்த கதை தெரிந்த என் அம்மா என்னைப் பார்த்தாள். நான் பிள்ளையை வாங்கி மார்போடு அணைத்துக்கொண்டு சிரித்தேன்.