இரண்டாவது பாட்டைத் தாண்டாத படம்

லூயிஷாம் சந்தையில் மழை பிடித்துக்கொண்டதால் பக்கத்து மண்டபத்தில் ஒதுங்குகிறேன். உள்ளே உக்ரைன் இசைக் கச்சேரிப் படம் ஒன்றைத் திரையிடுகிறார்கள். முக்கால் மணி நேரமாகியும் படம் இரண்டாவது பாட்டைத் தாண்டவில்லை.

திரையில் பாடுகிறவர்களெல்லாம் இங்கே உட்கார்ந்திருக்கும் உக்ரைன்காரர்களின் சொந்தக்காரர்கள். தெரிந்த முகம் வந்ததும் யாராவது எழுந்து கைகாட்டுகிறார்கள். மடிக்கணினியில் இருக்கும் மண்டபப் பொறுப்பாளர் உடனே படத்தைப் பின்னுக்கு ஓட்டுகிறார். அவர் யாழ்ப்பாணத்துக்காரர்.

"முழுப் படத்தையும் எப்பண்ணே பாப்பாங்க?" என்று கேட்கிறேன்.

"அது நடக்காது பிள்ளை. அஞ்சு மணிக்கு இங்க யோகா வகுப்பு இருக்கு. ஆனா இவையள் தங்கட ஆக்களைப் பாக்கத்தானே வந்தவை."

முன்வரிசைப் பெண் ஒருத்தி எழுந்து, திரையில் பாடும் மீசைக்காரரைக் காட்டுகிறாள். அவளுடைய அண்ணனாம். இப்போது போர்முனையில் இருக்கிறாராம். பத்து நாளாகப் பேச்சில்லை. அவள் கைபேசியில் கூப்பிட்டுப் பார்க்கிறாள். மூன்று முறை மணி அடித்து ஓய்கிறது. நான்காவது முறை அவர் எடுத்துவிடுகிறார்.

அழுதுகொண்டே கைபேசியைத் திரைப் பக்கம் திருப்புகிறாள். அவர் ஏதோ கத்துகிறார். மண்டபமே சிரிக்கிறது. என்னவென்று அவளிடம் கேட்கிறேன்.

"அந்த இடத்தில் சுருதி தப்பிப் பாடியிருக்கிறானாம். படத்தைச் சீக்கிரம் முன்னுக்கு ஓட்டச் சொல்கிறான்."

அதை நான் பொறுப்பாளரிடம் சொல்கிறேன்.

"ஏலாது" என்கிறார் அவர். மறுபடியும் படத்தைப் பின்னுக்கு ஓட்டி, சத்தத்தைக் கூட்டுகிறார்.